சாட்சியின் சொல்லை நிறுப்பது: லூதியானா வழக்கு ஒன்றை முன்வைத்துச் சில குறிப்புகள்

நம் சங்கத்து மாதக் கூட்டம் முடிந்து, காபி டம்ளரோடு நிற்கிற நேரத்தில் அடிக்கடி எழுகிற பேச்சு ஒன்று உண்டு. பத்திரிகையில் ஏதாவது ஒரு கொலை முயற்சி வழக்கு வந்திருக்கும். செஷன்ஸ் கோர்ட்டில் பத்து வருஷம் தண்டனை, ஹைகோர்ட்டில் விடுதலை என்றிருக்கும். அல்லது நேர்மாறாக இருக்கும். "அதே சாட்சி, அதே வார்த்தை. ஒரு ஜட்ஜ் நம்புகிறார், இன்னொரு ஜட்ஜ் நம்பவில்லை. இது என்ன சார் நியாயம்?" என்று ஒருவர் கேட்பார். "எல்லாம் பணம் சார்" என்று இன்னொருவர் பேச்சை முடித்து வைப்பார்.

நான் வக்கீல் இல்லை, வியாபாரி. ஆனாலும் ஒரு காரணத்தால் (அதைப் பின்னால் சொல்கிறேன்) இருபது வருஷத்துக்கு மேலாகப் பழைய தீர்ப்புகளைத் தேடிப் படிக்கும் பழக்கம் வந்துவிட்டது. சாட்சியை நிறுப்பதற்கும் முறை உண்டு, அந்த முறை பணக்காரன் ஏழை பார்த்து எழுதப்பட்டதல்ல என்பதை நம் குடும்பங்கள் தெரிந்துகொள்ள வேண்டும் என்று தோன்றியது. ஊரை விட்டு வந்த நமக்கு இது இன்னும் அவசியம். ஏன் என்பது கட்டுரை முடிவதற்குள் விளங்கும்.

எடுத்துக்கொள்கிற வழக்கு பழையது. ஓம் பிரகாஷ் எதிர் பஞ்சாப் மாநிலம் என்று சட்டப் புத்தகங்களில் வழங்குவது. உச்ச நீதிமன்றம் 1961-இல் தீர்ப்புச் சொன்னது. கத்தி இல்லை, துப்பாக்கி இல்லை, விஷமும் இல்லை. ஆனாலும் கொலை முயற்சி.

லூதியானாவில் ஒரு வீடு. 1951-இல் கல்யாணம். இரண்டு வருஷத்துக்குள் மனஸ்தாபம் முற்றி, பெண் அண்ணன் வீட்டுக்குப் போய் ஒரு வருஷம் போல இருந்தாள். இனிக் கொடுமை நடக்காது என்று கணவனின் தாய்மாமன் உறுதி சொன்ன பேரில் திரும்பி வந்தாள். கொடுமை நிற்கவில்லை. 1956-இல் அவளுக்குச் சோறு போடுவதையே நிறுத்திவிட்டார்கள். நாள்கணக்கில் பட்டினி. ஐந்தாறு நாளைக்கு ஒருமுறை கடலை உமியைத் தண்ணீரில் கரைத்துக் கொடுப்பார்களாம். ஏப்ரல் மாதம் ஒருமுறை வெளியே ஓடப் பார்த்தவளைப் பிடித்து இழுத்து வந்து அடித்து, அறையில் போட்டுப் பூட்டினார்கள். ஜூன் 5-ஆம் தேதி பூட்டு திறந்திருந்தது, வீட்டில் ஆள் இல்லை. எப்படியோ நடந்து ஊர் சிவில் ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்ந்து, அங்கிருந்த லேடி டாக்டரிடம் எல்லாவற்றையும் சொன்னாள். கணவனும் மாமியாரும் ஆஸ்பத்திரிக்கே வந்து அவளைத் திரும்ப அழைத்துப் போகப் பார்த்தார்கள். டாக்டரம்மா விடவில்லை. அந்த அம்மாள் அன்றைக்கு "குடும்ப விஷயம், நமக்கென்ன" என்று விலகியிருந்தால் வழக்கே இருந்திருக்காது. ஜூன் 16-ஆம் தேதிதான் அண்ணன் போலீசுக்கு எழுதினார். எந்த நிமிஷமும் உயிர் போகலாம் என்று டாக்டர் சீட்டு அனுப்ப, அன்று இரவே மாஜிஸ்திரேட் வந்து வாக்குமூலம் வாங்கினார்.

இனி வழக்கைப் பாருங்கள். முக்கியமான சாட்சி யார்? பாதிக்கப்பட்டவளே. வீட்டுக்குள் நடந்ததைப் பார்த்த வெளியாள் இல்லை. புகார் கொடுத்தவர் உடன்பிறந்தவர். புகார் பதினோரு நாள் தாமதம். அவள் சொன்னதில் மிகைப்படுத்தலும் இருந்தது, விட்டுப்போனதும் இருந்தது. குற்றவாளிக் கூண்டு வக்கீலுக்கு இதைவிட என்ன வேண்டும்? காபி டம்ளர் கையில் இருக்கும்போது நாம் கேட்கிற கேள்விகள் எல்லாம் இந்த ஒரே வழக்கில் இருக்கின்றன.

முதலில் குற்றம் எது என்பதைச் சொல்லிவிடுகிறேன். பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 307-ஆம் பிரிவு. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் அதுவே 109-ஆம் பிரிவு. செய்கிறவனுடைய எண்ணம் அல்லது அறிவு இன்னது, அந்தச் செய்கையால் ஒருவேளை மரணம் நேர்ந்திருந்தால் அது கொலை ஆகியிருக்கும் என்றால், மரணம் நேராவிட்டாலும் குற்றம். பத்து வருஷம் வரை தண்டனை, காயம் ஏற்பட்டிருந்தால் ஆயுள் தண்டனை வரை போகலாம். காயம் உயிரைப் பறிக்கக்கூடிய அளவு பெரிதாக இருக்க வேண்டும் என்பதில்லை. எண்ணமும் அதை ஒட்டிய செய்கையுமே முக்கியம் என்று உச்ச நீதிமன்றம் 1983-லும் தெளிவாகச் சொல்லியிருக்கிறது.

லூதியானா வழக்கில் கணவன் தரப்பு கெட்டிக்காரத்தனமாக வாதாடியது. பட்டினி போட்டால் ஒரே நாளில் சாவதில்லை, சாவுக்கு முந்தைய கடைசிச் செய்கை நடக்கவில்லை, அதனால் இது முயற்சி ஆகாது என்றது. கோர்ட் ஒப்பவில்லை. தொடர்ந்து பட்டினி போட்டது ஒரு செய்கைத் தொடர், கடைசிப் படி வரை போயிருக்க வேண்டிய அவசியமில்லை என்றது. பூட்டி வைக்கப்பட்டவள் தானாகச் சோறு தேடிக்கொள்ள முடியாதவள், அவளுக்கு உணவு கொடுக்கக் கடமைப்பட்டவன் கொடுக்காமல் விட்டதும் செய்கையே என்றது.

இந்த இடத்தில் சமணனாகிய நான் ஒன்று சொல்லாமல் இருக்க முடியவில்லை. உண்ணா நோன்பு எங்கள் வீடுகளில் புதிதல்ல. என் தாயார் பருவ நாட்களில் தண்ணீர்கூடப் பருகாமல் இருந்ததைப் பார்த்து வளர்ந்தவன் நான். நோன்பும் பட்டினியும் வயிற்றுக்கு ஒன்றுதான், ஆன்மாவுக்கு ஒன்றல்ல. உமாஸ்வாமி அருளிய தத்துவார்த்த சூத்திரத்தில் இல்லறத்தாருடைய அஹிம்சை விரதத்துக்கு ஐந்து அதிசாரங்கள், அதாவது வழுக்கள், சொல்லப்படுகின்றன. கட்டிப் போடுதல், அடித்தல், உறுப்பைச் சிதைத்தல், தாங்க முடியாத பாரம் ஏற்றுதல், அன்னபான நிரோதம் என்று ஐந்து. கடைசியில் சொன்னது சோற்றையும் தண்ணீரையும் மறுப்பது. இந்த ஐந்தில் மூன்று அந்த லூதியானா வீட்டில் நடந்திருக்கின்றன. மாட்டுக்கும் வேலையாளுக்கும் சொன்ன விதி என்று உரை கேட்ட காலத்தில் நினைத்திருந்தேன். தீர்ப்பைப் படித்த பிறகுதான் மருமகளும் ஞாபகத்துக்கு வந்தாள்.

சரி, சாட்சிக்கு வருவோம்.

"ஒரே சாட்சியை வைத்து எப்படித் தண்டிக்கலாம்?" என்பது நம் ஜனங்களுடைய முதல் கேள்வி. 1872-ஆம் வருஷத்துச் சாட்சியச் சட்டம் 134-ஆம் பிரிவிலேயே இதற்குப் பதில் சொல்லிவிட்டது. எந்த விஷயத்தை நிரூபிக்கவும் இத்தனை சாட்சி வேண்டும் என்ற கணக்குக் கிடையாது. இப்போதைய பாரதிய சாட்சிய சட்டத்தில் அது 139-ஆம் பிரிவு. 1957-இல் நம் பக்கத்திலிருந்து போன வடிவேலு தேவர் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை விரித்துச் சொன்னது. டீக்கடைக்காரர் ஒருவர் கொலை. கொல்லப்பட்டவரின் மனைவிதான் நேரில் பார்த்த சாட்சி. சாட்சிகள் மூன்று வகை என்று அந்தத் தீர்ப்பு பிரித்தது. முழுக்க நம்பத் தக்கவர், முழுக்க நம்பத் தகாதவர், இரண்டும் கலந்தவர். முதல் வகை ஒருவர் போதும். இரண்டாம் வகை நூறு பேர் வந்தாலும் பிரயோஜனமில்லை. மூன்றாம் வகைக்குத்தான் வேறு ஆதாரத்தின் துணை வேண்டும். கடையில் உட்காருகிறவனுக்கு இது சுலபமாகப் புரியும். முதல் தரச் சரக்கைப் பிரித்துப் பார்க்க வேண்டியதில்லை. கழிவை எத்தனை மூட்டை கொண்டுவந்தாலும் கழிவுதான். கலந்து வந்ததைத்தான் உட்கார்ந்து புடைக்க வேண்டும். வருகிற சரக்கில் பெரும்பாலும் கலந்ததுதான் என்பது வேறு விஷயம்.

அடுத்தது "சொந்தக்காரன் சாட்சி" என்ற இளக்காரம். உறவு வேறு, உள்நோக்கம் வேறு. 1953-இல் பஞ்சாபிலிருந்து வந்த தலிப் சிங் வழக்கில் நீதிபதி விவியன் போஸ் இதைத் திருத்தினார். அங்கே சாட்சிகள் இரண்டு பெண்கள். ஏழு ஆண்களின் கதி இரண்டு பெண்களின் வார்த்தையில் தொங்குகிறதே என்பதற்காக வேறு ஆதாரம் தேட வேண்டும் என்று ஒரு விதி இருப்பதாகத் தங்களுக்குத் தெரியாது என்றார். நெருங்கிய உறவுக்காரர், உண்மையில் வெட்டியவனை விட்டுவிட்டு யாரோ ஒருவனை மாட்டிவிடுவது சாதாரணமாக நடக்காது என்பதும் அதே தீர்ப்பில் இருக்கிறது. ஆனால் முன்பகை இருந்தால், வெட்டியவனோடு கூட இன்னொரு பங்காளியையும் சேர்த்துச் சொல்கிற ஆசை வரலாம். அங்கே கவனம் வேண்டும் என்று அவரே சேர்த்துச் சொன்னார். கிராமத்துப் பங்காளிச் சண்டை பார்த்தவர்களுக்கு இது விளக்கம் இல்லாமலே புரியும்.

காயம்பட்டவர் சாட்சி சொன்னால் அதற்குத் தனி மதிப்பு உண்டு. அவர் சம்பவ இடத்தில் இருந்தாரா என்ற கேள்விக்கு அவர் உடம்பே பதில். 2010-இல் அப்துல் சயீத் வழக்கில் இது வலியுறுத்தப்பட்டது. கொலை வழக்குக்கும் கொலை முயற்சி வழக்குக்கும் உள்ள பெரிய வித்தியாசம் இதுதான். கொலையில் முக்கிய சாட்சி பேச முடியாது. முயற்சியில் அவரே வந்து கூண்டில் நிற்கிறார். அதனால் ஒரு விசித்திரமும் உண்டு. சாகப் போகிறவர் என்று வாங்கிய மரண வாக்குமூலம், அவர் பிழைத்துக்கொண்டால் மரண வாக்குமூலம் ஆகாது. அவர் கோர்ட்டில் சொல்வதற்குத் துணையாக, முன்பே சொன்ன வார்த்தை என்ற அளவில்தான் நிற்கும். லூதியானாவில் மாஜிஸ்திரேட் அந்த இரவு ஒரு குறிப்பு எழுதி வைத்தார். வலது கையில் ரத்தம் ஏற்றிக்கொண்டிருப்பதால் வலது கட்டை விரல் ரேகை வாங்க முடியவில்லை, இடது விரல் ரேகை வாங்கினேன் என்று. யாரையும் நம்ப வைக்க எழுதியதல்ல அது. ஆனால் கட்டிலில் கிடந்தவளின் நிலையை அந்த ஒரு வரி காட்டுகிற மாதிரி நீண்ட வர்ணனையும் காட்டாது.

பஞ்சாப் ஹைகோர்ட்டில் அப்பீல் கேட்ட நீதிபதி அவளுடைய இரண்டு போட்டோக்களையும் பார்த்தார். குழி விழுந்த கன்னம், துருத்திய எலும்பு, எலும்புக்கூடு போன்ற தோற்றம் என்று தீர்ப்பில் பதிவு செய்தார். டாக்டர்கள் சாட்சியம் அதற்கு ஒத்திருந்தது. அதன் பிறகு அவள் சொன்னதை எடுத்துக்கொண்டு, பட்டினி, அடி, பூட்டி வைத்தது ஆகிய அடிப்படை விஷயங்களில் அவள் சொல் உண்மை என்றும், சுட்டிக் காட்டப்பட்ட மிகைகளும் விடுபாடுகளும் அடிப்படையைத் தொடவில்லை என்றும் முடிவு செய்தார். உச்ச நீதிமன்றமும் அதை ஏற்றுக்கொண்டது. மிகை இல்லை என்று அவர் சொல்லவில்லை, கவனியுங்கள். மிகை இருக்கிறது, ஆனால் அது எந்த இடத்தில் இருக்கிறது என்று பார்த்தார்.

ஒன்றில் பொய் என்றால் எல்லாம் பொய் என்று லத்தீனில் ஒரு பழைய வாசகம் உண்டாம். ரோமாபுரிச் சரக்கு. நம் நாட்டுக் கோர்ட்டுகள் அதைச் சட்டமாக ஏற்றுக்கொள்ளவில்லை என்று 1957-இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பொய்யைப் புடைத்துத் தள்ளிவிட்டு மெய்யை எடுத்துக்கொள்ள வேண்டும். அரிசியும் கல்லும் பிரிக்க முடியாதபடி ஒன்றாய் அரைபட்டுப் போயிருந்தால் மட்டும் முழுவதையும் கொட்டிவிட வேண்டியதுதான்.

முரண்பாட்டிலும் தராதரம் உண்டு. வெட்டியவன் யார், எந்த ஆயுதம், எந்த இடம் என்பதில் முன்னுக்குப் பின் முரண் என்றால் அது வேர். எத்தனை அடி தூரம், என்ன நிறச் சட்டை, எத்தனை நிமிஷம் என்பதெல்லாம் இலை. 1983-இல் குஜராத்திலிருந்து வந்த ஒரு வழக்கில் (பர்வாடா போகின்பாய் வழக்கு என்பார்கள்) நீதிபதி தாக்கர், மனிதன் எப்படிப் பார்க்கிறான், எப்படி மறக்கிறான் என்பதை ஒரு மனோதத்துவப் பாடம் மாதிரியே எழுதியிருக்கிறார். சாட்சியின் மனதில் வீடியோ டேப் ஓடுவதில்லை. எதிர்பாராத சம்பவம் ஆளைத் திகைக்க வைக்கும். ஒருவர் கவனித்ததை இன்னொருவர் கவனித்திருக்க மாட்டார். நேரத்தைப் பெரும்பாலோர் குத்துமதிப்பாகத்தான் சொல்வார்கள். கோர்ட்டின் சூழ்நிலையும் குறுக்கு விசாரணையும் சாதாரண மனிதனைக் குழப்பிவிடும். பயத்தினால் இல்லாததை இட்டு நிரப்புவான். இப்படிப் போகிறது.

இதைப் படித்தபோது எனக்கு எங்கள் தர்க்க நூல்களில் சொல்கிற மதிஞானத்தின் நான்கு படிகள் ஞாபகம் வந்தன. அவக்கிரகம், ஈஹா, அவாயம், தாரணை. ஏதோ ஒன்று கண்ணில் படுவது முதல் படி. இது என்னவாக இருக்கும் என்று மனம் தேடுவது இரண்டாவது. இன்னதுதான் என்று நிச்சயிப்பது மூன்றாவது. அதை மனதில் தாங்கி வைப்பது நான்காவது. சாட்சி எந்தப் படியில் தவறினார் என்று கேட்டால் பாதிக் குழப்பம் தீரும். இருட்டில் சரியாகத் தெரியவில்லை என்றால் முதல் படியிலேயே கோளாறு. நன்றாகப் பார்த்து, ஆளையும் அடையாளம் கண்டு, நான்கு வருஷம் கழித்துச் சட்டை நிறம் மறந்துபோனால் அது நான்காவது படியில் ஏற்பட்ட தேய்மானம். இரண்டையும் "முரண்பாடு" என்று ஒரே பெயரில் எழுதிவிட்டால் நியாயமில்லை. இன்னொன்றும் இங்கே சொல்ல வேண்டும். யானையைத் தடவிய குருடர் கதையைச் சொல்லி, "உங்கள் ஸ்யாத்வாதப்படி எல்லாச் சாட்சியும் உண்மைதானே?" என்று ஒரு நண்பர் என்னைச் சீண்டுவார். அப்படியல்ல. எந்த நோக்கில் எது உண்மை என்று வரையறுப்பதுதான் ஸ்யாத்வாதம். பொய்க்குப் பாய் விரிப்பது அதன் வேலையல்ல.

தாமதத்தைப் பற்றிச் சுருக்கமாக. 1972-இல் தமிழ்நாட்டிலிருந்து போன துலியா காளி கொலை வழக்கில் நீதிபதி எச்.ஆர். கன்னா, போலீஸ் ஸ்டேஷன் இரண்டே மைலில் இருந்தும் இருபது மணி நேரத்துக்கு மேல் புகார் போகவில்லை என்பதைச் சந்தேகமாக எடுத்துக்கொண்டார். எதிரி விடுதலை ஆனார். நேரம் போகப் போகக் கதைக்குக் கை கால் முளைக்கும் என்பது காரணம். அங்கே இருபது மணி நேரம் வழக்கை உடைத்தது, இங்கே பதினோரு நாள் உடைக்கவில்லை. கடிகாரத்தைப் பார்த்து முடிவு சொல்வதில்லை என்பது இதிலிருந்து தெரிகிறது. ஏன் தாமதம் என்பதற்கு நம்பும்படியான பதில் இருக்கிறதா என்பதே கேள்வி. லூதியானாப் பெண் ஓடிவந்த நாளிலேயே டாக்டரிடம் சொல்லிவிட்டாள். போலீசுக்குப் போகத்தான் ஆள் இல்லை.

இப்போது அப்பீல் சமாசாரம். கீழ்க்கோர்ட் நீதிபதி சாட்சியை நேரில் பார்க்கிறார். கேள்வி கேட்டதும் முகம் வெளிறியதா, தயங்கினாரா, வக்கீலைத் திரும்பிப் பார்த்தாரா என்பதெல்லாம் அவர் கண் முன்னால் நடக்கிறது. அப்பீல் கோர்ட்டுக்கு வருவது காகிதக் கட்டு. தண்டனையை எதிர்த்து வருகிற முதல் அப்பீலில் ஹைகோர்ட் சாட்சியம் முழுவதையும் மறுபடி தானே நிறுத்துப் பார்க்க வேண்டும். கீழே சொன்னது சரி என்று கையெழுத்துப் போடுவது அப்பீல் ஆகாது. விடுதலையை எதிர்த்து வருகிற அப்பீலில் கூடுதல் ஜாக்கிரதை. பிரிவி கவுன்சில் 1934-இல் ஷியோ ஸ்வரூப் வழக்கில் சொன்னதுதான் இன்றைக்கும் அடித்தளம். மறுபடி நிறுக்க முழு அதிகாரம் உண்டு. ஆனால் சாட்சியை நேரில் கண்டவரின் கருத்துக்கும், நிரபராதி என்ற அனுமானத்துக்கும், சந்தேகத்தின் பலனுக்கும் உரிய எடை தர வேண்டும். 2007-இல் சந்திரப்பா வழக்கில் இதையே தொகுத்து, நியாயமான இரண்டு முடிவுக்கு இடமிருந்தால் விடுதலையைக் கலைக்கக்கூடாது என்றார்கள். அதனால்தான் ஒரே காகிதத்தை வைத்து இரண்டு கோர்ட் இரண்டு விதமாகச் சொல்வது நடக்கிறது. எல்லாம் பணம் இல்லை. சில சமயம் பணமும் இருக்கலாம், அதை மறுக்க நான் யார்?

தராசு வியாபாரிகளுக்கு ஒரு சோதனை தெரியும். முள் நடுவில் நிற்பதால் மட்டும் தராசு சரி என்று நம்பிவிடக்கூடாது. சரக்கையும் எடைக்கல்லையும் தட்டு மாற்றி வைத்துப் பார்க்க வேண்டும். அப்போதும் முள் நடுவில் நின்றால்தான் தராசு ஒழுங்கு. 1981-இல் தூத்நாத் பாண்டே வழக்கில் தலைமை நீதிபதி சந்திரசூட் சொன்னது எனக்கு அந்தச் சோதனை மாதிரியே படுகிறது. எதிரித் தரப்புச் சாட்சி என்பதாலேயே அவரை மட்டமாகப் பார்க்கக்கூடாது, போலீஸ் தரப்புச் சாட்சிக்கு என்ன அளவுகோலோ அதுவே அவருக்கும் என்றார்.

இதெல்லாம் வெள்ளைக்காரன் கொண்டுவந்தது என்று நினைக்க வேண்டாம். சாட்சிக்குப் பழந்தமிழில் கரி என்று பெயர். பொய்க்கரி சொன்னவனை விழுங்கும் பூதம் ஒன்று புகாரில் இருந்ததாகச் சிலம்பு சொல்கிறது. அதே சிலம்பில் மதுரையில் நடந்தது என்ன? ஒரே சாட்சி, அதுவும் தானே திருடிய பொற்கொல்லன். உறவுக்காரன் இல்லை, உள்நோக்கம் உள்ளவன். எதிரியைக் கூப்பிட்டு ஒரு வார்த்தை கேட்கவில்லை. கையில் இருந்த பொருளைச் சோதிக்கவில்லை. கண்ணகி வந்து சிலம்பை உடைத்து, முத்தா மாணிக்கமா என்று காட்டியதுதான் அப்பீல். அதற்குள் தண்டனை நிறைவேறிவிட்டது.

இனி, நான் ஏன் இந்தத் தீர்ப்புகளைப் படிக்க ஆரம்பித்தேன் என்பதைச் சொல்லவேண்டும்.

1994 கோடை. இந்த ஊருக்கு நான் வந்து சில வருஷங்கள்தான். மத்தியானம் ஒன்றரை மணி. எதிர்ச்சாரியில் டீக்கடையில் வேலை செய்த பையனை ஒருவன் பின்பக்கமாக வந்து கத்தியால் இரண்டு முறை குத்தினான். பையன் விழுந்தான். குத்தியவன் முகத்தை அவன் பார்க்கவில்லை. நான் பார்த்தேன். இன்னும் இரண்டு பேர் பார்த்தார்கள், அவர்கள் கோர்ட்டில் ஒன்றும் தெரியாது என்று பிறழ் சாட்சி ஆகிவிட்டார்கள். மிஞ்சியது நான் ஒருவன்.

1998-இல் என் முறை வந்தது. ஹிந்தியில் சாட்சி சொன்னேன். ஒன்றரைக்கு ஹிந்தியில் 'டேட்', இரண்டரைக்கு 'டாயி'. நம்மவர்களுக்கு இந்த இரண்டும் எத்தனை வருஷம் ஆனாலும் இடம் மாறிப் போகும் என்பது இதைப் படிக்கிற உங்களுக்கும் தெரியும். கடையில் ஒன்றரை மீட்டர் கேட்டவருக்கு இரண்டரை மீட்டர் கிழித்தவன் நான். கோர்ட்டில் 'டாயி பஜே' என்றேன். இரண்டு முறை கேட்டார்கள், இரண்டு முறையும் அதையே சொன்னேன். பையனை ஆஸ்பத்திரியில் சேர்த்த நேரம் ரெஜிஸ்டரில் இரண்டு மணி. "அவனை ஆஸ்பத்திரியில் சேர்த்து அரை மணி கழித்து அவன் தெருவில் குத்துப்படுவதை நீங்கள் பார்த்தீர்களா?" என்று எதிர்த்தரப்பு வக்கீல் கேட்டபோது கோர்ட்டே சிரித்தது. எனக்கு ஏன் சிரிக்கிறார்கள் என்று புரியவில்லை. அரசு வக்கீலும் எழுந்து மறுபடி ஒரு கேள்வி கேட்டுத் தெளிவுபடுத்தவில்லை. எழுதியதைப் படித்துக் காட்டவில்லை. கையெழுத்துப் போடச் சொன்னார்கள், போட்டேன். இந்தச் சாட்சி சம்பவ இடத்திலேயே இல்லை என்று தீர்ப்பு எழுதப்பட்டது. எதிரி விடுதலை.

நேரத்தைக் குத்துமதிப்பாகச் சொல்வது இலை என்று மேலே எழுதினேன். சில நேரம் இலையே வேராகிவிடும் என்பது எனக்கு அனுபவம்.

பிறகுதான் சட்டத்தைத் தேடினேன். குற்றவியல் நடைமுறைச் சட்டம் 277-ஆம் பிரிவின்படி, சாட்சி கோர்ட் மொழி அல்லாத வேறு மொழியில் சாட்சி சொன்னால், முடிந்தால் அந்த மொழியிலேயே எழுத வேண்டும், முடியாவிட்டால் கோர்ட் மொழியில் சரியான மொழிபெயர்ப்புத் தயாரிக்க வேண்டும். 278-ஆம் பிரிவின்படி, எழுதி முடித்ததும் சாட்சிக்குப் படித்துக் காட்ட வேண்டும், தேவையானால் திருத்த வேண்டும். எழுதிய மொழி சாட்சிக்குப் புரியாவிட்டால், அவர் சொன்ன மொழியிலேயே விளக்கிச் சொல்ல வேண்டும். 2024 முதல் வந்த பாரதிய நாகரிக சுரக்ஷா சன்ஹிதாவில் இவை 312, 313-ஆம் பிரிவுகளாக அப்படியே இருக்கின்றன. நான் தமிழிலேயே சொல்கிறேன் என்று கேட்டிருக்கலாம். படித்துக் காட்டுங்கள் என்றாவது கேட்டிருக்கலாம். ஹிந்தி எனக்கு நன்றாக வரும் என்ற மிதப்பு கேட்க விடவில்லை. நம் பிள்ளைகள் ஹிந்தியையோ மராட்டியையோ குஜராத்தியையோ தாய்மொழி போலப் பேசுகிறார்கள், அவர்களுக்கு இந்தக் கஷ்டம் இல்லை. ஊரிலிருந்து வந்து நம்மோடு இருக்கிற பெற்றோருக்கும், புதிதாகக் கல்யாணமாகி வந்திருக்கிற மருமகளுக்கும் இது உண்டு. கோர்ட், போலீஸ் ஸ்டேஷன் எதுவானாலும், எண்ணும் நேரமும் சொல்லும்போது தமிழில் சொல்லி மொழிபெயர்க்கச் சொல்லுங்கள். சாட்சிக்குப் பயம் இருந்தால் அதற்கும் இப்போது வழி உண்டு. உச்ச நீதிமன்றம் 2018-இல் சாட்சிகள் பாதுகாப்புத் திட்டத்தை நாடு முழுவதற்கும் சட்டம் போலவே ஆக்கியது.

அந்த வழக்கில் அரசு அப்பீல் போகவில்லை. பாதிக்கப்பட்டவரே விடுதலையை எதிர்த்து அப்பீல் போகலாம் என்ற உரிமை 2009 டிசம்பர் 31-ஆம் தேதிதான் நடைமுறைக்கு வந்தது. பையனுக்கு அது கிடைக்கவில்லை. போயிருந்தாலும் அந்தக் காகிதத்தில் என் கையெழுத்தோடு 'டாயி பஜே' என்றுதான் இருக்கும். மேலே உட்கார்ந்திருப்பவர் அதைத்தானே படிப்பார்?

அவன் இப்போது சொந்தமாக டீக்கடை வைத்திருக்கிறான், நரை விழுந்துவிட்டது. தீர்ப்பு வந்த வாரம் என் கடை வாசலில் வந்து நின்று, "சேட்ஜி, நீங்கள் பார்த்தீர்கள்தானே?" என்று கேட்டான். பார்த்தேன் என்றேன். சரி என்று சொல்லிவிட்டு, கொண்டுவந்த டீயை மேஜைமேல் வைத்துவிட்டுப் போனான்.